கே.பி. டிவிக்குப் போனது சறுக்கலா?

நடுராத்திரி_ரீல்:
ரெண்டு மாசமா கே. பாலசந்தர் படங்களை வருஷ வரிசையில பார்த்துக்கிட்டு வர்றேன். 1965 நீர்க்குமிழில ஆரம்பிச்சு 1996 கல்கி வரைக்கும் வந்தாச்சு. தெலுங்கு, கன்னடத்துல சிலது கையில சிக்கலை, விட்டுட்டேன்.

மனசுல பட்டதைச் சொல்றேன், அடிக்க வராதீங்க. 1981ஐ மட்டும் எடுத்துக்குங்க. தில்லு முல்லு, தண்ணீர் தண்ணீர், 47 நாட்கள், இந்தியில ஏக் தூஜே கே லியே. எல்லாம் ஒரே வருஷம். ஒண்ணு முழு காமெடி, ஒண்ணு அரசியல், ஒண்ணு ஒரு பொண்ணு மாட்டிக்கிட்டுத் தவிக்கிற கதை, இன்னொண்ணு வடநாட்டையே அழ வெச்ச காதல். கூடவே அவரோட கம்பெனி கவிதாலயாவும் அந்த வருஷம்தான் படத் தயாரிப்பை ஆரம்பிக்குது. இந்த மனுஷன் தூங்கினாரா இல்லையான்னே தெரியலை.

அப்படிப்பட்டவர் 94ல டூயட், 96ல கல்கி, அப்புறம் 2001ல பார்த்தாலே பரவசம்னு இடைவெளி விட்டு விட்டு வர்றார். நடுவுல பூரா சீரியல். 2006ல பொய், அதோட டைரக்‌ஷன் முடிஞ்சுபோச்சு. டிவி அந்த டைரக்டரை முழுங்கிடுச்சுன்னுதான் எனக்குத் தோணுது. மாத்துக் கருத்து இருந்தா சொல்லுங்க.

மாடிப்படி:
முழுங்கிச்சா? அவர் பொறந்து வளர்ந்த வீடே அதுதானேய்யா. பாமா விஜயத்தை எடுத்து அரை அரை மணியா வெட்டிப் பாரு. ஒரு கூட்டுக் குடும்பம், மூணு மருமக, பக்கத்து வீட்டுக்கு ஒரு நடிகை குடி வர்றா. 67லயே சீரியல் எடுத்துட்டார். போடுறதுக்குத்தான் டிவி இல்ல.

நடுராத்திரி_ரீல்:
சிரிச்சுட்டேன். ஆனா இது பாராட்டா, திட்டா?

மாடிப்படி:
ரெண்டும்.

பழைய_பெட்டி:
இளைஞர்கள் பேசிக்கொண்டிருக்கும் இடத்தில் கிழவன் நுழைகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நடுராத்திரி ரீல் 1965இல் தொடங்கியதுதான் சிக்கல். பாலசந்தரை 1965இலிருந்து பார்த்தால் சினிமாக்காரர் டிவிக்குப் போனதாகத்தான் தெரியும். அதற்கு முன்பு அவர் ஏ.ஜி. ஆபீஸ் குமாஸ்தா. நன்னிலம் பக்கத்துக்காரர், அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்தவர், முத்துப்பேட்டையில் கொஞ்ச காலம் வாத்தியார் வேலை, பிறகு சென்னையில் கணக்காயர் அலுவலகம். பகலில் ஃபைல், சாயங்காலம் ஒத்திகை. மேஜர் சந்திரகாந்த், சர்வர் சுந்தரம், நீர்க்குமிழி, மெழுகுவர்த்தி, நாணல் எல்லாம் அப்படி வந்த நாடகங்கள்.

சபா மேடைக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. இரண்டு மூன்று செட்டுக்கு மேல் போட முடியாது. குதிரை ஓட முடியாது, மழை பெய்ய முடியாது. வெளியே நடப்பதை உள்ளே இருப்பவன் வாயால்தான் சொல்லியாக வேண்டும். அந்த நெருக்கடியில் பழகிய கை அது. நீர்க்குமிழி ஏறக்குறைய முழுவதும் ஆஸ்பத்திரிக்குள்ளேயே நடக்கிறதே, பட்ஜெட் மட்டுமா காரணம்? அவருக்குக் கதை அப்படித்தான் தோன்றும். சர்வர் சுந்தரத்தைப் படமாக இயக்கியபோதும் அதே மேடை வாசனை அடிக்கிறது என்று சொன்னவர்கள் அன்றே உண்டு.

ஃபிலிம்_டப்பா:
ஐயா, சின்னத் திருத்தம். சர்வர் சுந்தரம் படத்தை இயக்கினது கிருஷ்ணன்-பஞ்சு. 1964, ஏவி.எம். தயாரிப்பு. கதைதான் கே.பி.யோடது. அதே வருஷம் எம்.ஜி.ஆரோட தெய்வத்தாய்க்கு வசனமும் எழுதினார். அவரே டைரக்‌ஷன் பண்ணின முதல் படம் நீர்க்குமிழிதான்.

பழைய_பெட்டி:
சரிதான், தவறு என்னுடையது. நாடகத்தையும் படத்தையும் நினைவில் ஒன்றாகக் கட்டிப் போட்டிருக்கிறேன்.

ஆனால் நான் சொல்ல வந்ததற்கு எதிர்நீச்சல் நல்ல சான்று. மாடியில் ஓர் இருமல் தாத்தா இருப்பார், ஞாபகம் இருக்கிறதா? கடைசி வரை ஆளைக் காட்டவே மாட்டார்கள். இருமல் மட்டும் கேட்கும். கதாநாயகன் மாது படியேறிப் போவான், பேசுவான், இறங்கி வருவான். மேடையில் ஒரு நடிகரை மிச்சம் பிடிக்கிற வித்தை அது. சினிமாவில் காமிராவை மாடிக்குத் தூக்கிப் போக யார் தடுத்தார்கள்? போகவில்லை. போகாததால்தான் அறுபது வருஷம் ஆகப்போகிறது, இன்னும் அந்தத் தாத்தாவைப் பற்றிப் பேசுகிறோம்.

நடுராத்திரி_ரீல்:
பெட்டி ஐயா சொல்றது புரியுது. ஆனா "நாடகக்காரர், அதனால டிவி அவருக்குத் தோது" அப்படின்னா தண்ணீர் தண்ணீர் எங்கே போகும்? அதுவும் கோமல் சுவாமிநாதன் நாடகம்தான். ஆனா படத்துல அந்த அத்திப்பட்டியைப் பாருங்க. வெயில், பாளம் பாளமா வெடிச்ச மண்ணு, குடத்தைத் தூக்கிக்கிட்டு மைல் கணக்கா நடக்கிற பொம்பளைங்க. அந்த தூரத்தை வசனத்துல சொல்ல முடியாது, காட்டியே ஆகணும். அச்சமில்லை அச்சமில்லையிலயும் அதே வெளி. நாலு செவுத்தை விட்டு வெளிய வந்து ஜெயிச்சவர் மறுபடி நாலு செவுத்துக்குள்ள போனா அது சறுக்கல்தானே?

மாடிப்படி:
இது கொஞ்சம் பலமான பாயிண்ட்டுதான். ஒத்துக்கறேன். டீ குடிச்சுட்டு வர்றேன்.

யூனிட்_வேன்:
படிச்சுக்கிட்டே இருந்தேன், எழுத வேண்டாம்னுதான் இருந்தேன். நான் தொண்ணூறுகள் கடைசியிலயும் 2000லயும் சீரியல் யூனிட்ல அசிஸ்டென்டா இருந்தவன். கே.பி. யூனிட்ல இல்ல, அந்தப் பாக்கியம் கிடைக்கலை. வேற ஒரு கம்பெனி. மூணு மாச சம்பள பாக்கி இன்னும் வரலை, அது தனிக் கதை.

நீங்க எல்லாரும் "டிவி"ன்னு ஒரே வார்த்தைல சொல்றீங்க. அந்தப் பத்து வருஷத்துல டிவி மூணு தடவை மாறிச்சு.

முதல்ல தூர்தர்ஷன். 13 வாரம்னு அனுமதி குடுப்பாங்க, நீட்டிப்பு கிடைச்சா அதிர்ஷ்டம். 13 வாரம்னா என்ன அர்த்தம்? எழுதறவனுக்குக் கடைசி காட்சி முதல் நாளே தெரியும். ரயில் சிநேகம் அந்தக் காலத்துப் படைப்பு. கச்சிதமா ஒரு நாவல் மாதிரி.

அப்புறம் 93ல சன் டிவி வருது, தனியார் சேனல் காலம் ஆரம்பிக்குது. வாரம் ஒரு எபிசோட். தயாரிப்பாளரே காசு கட்டி ஸ்லாட் வாங்கணும், விளம்பர நேரத்தை அவரே வித்துக்கணும். அரை மணி ஸ்லாட்னா விளம்பரம், டைட்டில், முன்கதை எல்லாம் கழிச்சு இருபது இருபத்திரண்டு நிமிஷம்தான் கதை. ஆனா வாரம் ஒண்ணுதானே, டைரக்டருக்கு மூச்சு விட நேரம் இருந்துச்சு. கையளவு மனசு, காதல் பகடை, பிரேமி எல்லாம் அந்த மூச்சுல வந்தது.

99ல சித்தி சீரியல் வந்துச்சு பாருங்க, அதோட ஊரே மாறிப்போச்சு. திங்கள் முதல் வெள்ளி வரை தினம் ஒரு எபிசோட். வாரத்துக்கு அஞ்சு எபிசோட் குடுக்கணும். காலைல நடிகர் வந்து நாற்காலில உட்கார்ந்து "இன்னிக்கு நான் யாரோட சண்டை?"ன்னு கேப்பார். வசனம் அப்பதான் பக்கத்து ரூம்ல எழுதிக்கிட்டு இருப்பாங்க. ஈரம் காயாத பேப்பரை நான் வாங்கிட்டு ஓடி வந்து காமிராவுக்குப் பக்கத்துல குத்த வெச்சு ப்ராம்ட் பண்ணுவேன். நான் சொல்லச் சொல்ல அவங்க திருப்பிச் சொல்லணும். முகத்துல என்ன பாவம் வரும்? காது கேக்குற பாவம்தான் வரும். அந்தக் கால சீரியல்ல எல்லாரும் ஒரு நொடி யோசிச்சுப் பேசற மாதிரி இருக்கும் பாருங்க, அது நடிப்பு இல்ல, நான்தான்.

அதனால கேள்வியைக் கொஞ்சம் மாத்துங்க. எந்த டிவிக்குப் போனார்? அவர் போனது முதல் ரெண்டு டிவிக்கு. மூணாவது அவரைத் தேடி வந்து மேல விழுந்துச்சு.

ஃபிலிம்_டப்பா:
வேன், இது தங்கம். இன்னொண்ணு சேர்த்துக்கறேன். நான் டெக்னிக்கல் ஆளு, கோவிச்சுக்காதீங்க.

பழைய டிவி பெட்டியோட சட்டம், அதாவது ஃப்ரேம், அகலம் நாலுக்கு உயரம் மூணு. அறுபதுகள்ல கே.பி. எடுத்த கருப்பு வெள்ளைப் படங்களோட சட்டமும் கிட்டத்தட்ட அதேதான். ஸ்கோப் வந்த பிறகுதான் அகலம். இருகோடுகள் படத்தை இன்னிக்கு ஒரு பழைய பெட்டில போட்டாலும் ஓரத்துல எதுவும் வெட்டுப்படாது. சௌகார் ஜானகி, ஜெயந்தி ரெண்டு பேர் முகம் ஒரு சட்டத்துக்குள்ள, நடுவுல ஜெமினி திருதிருன்னு முழிப்பார். இருபத்தோரு இஞ்ச் பெட்டிக்கு அளவெடுத்துத் தைச்ச மாதிரி. ரீல் சொன்ன தண்ணீர் தண்ணீரோட வெட்ட வெளி மட்டும் அந்தப் பெட்டில புள்ளியாயிடும். அது நிஜமான நஷ்டம்தான்.

ஃபிலிம்ல ஒரு நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். ஒவ்வொரு அடியும் காசு. அதனால டேக்குக்கு முன்னாடி ஒத்திகை பார்த்தே தீரணும். டேப்ல அந்த பயம் கிடையாது, அழிச்சுட்டு மறுபடி எடுக்கலாம். அந்த சுதந்திரம்தான் ஒத்திகையைக் கொன்னதுன்னு நினைக்கிறேன். ஒத்திகையிலயே வளர்ந்த கே.பி. மாதிரி ஒருத்தருக்கு அது எப்படி இருந்திருக்கும்?

யூனிட்_வேன்:
நான் பக்கத்துல இருந்து பார்த்ததில்ல, அதனால வாயைத் திறக்கலை. நடிகர்கள் சொல்லிக் கேட்டது மட்டும்: அவரே நடிச்சுக் காட்டிடுவாராம்.

தொடர்கதை_வாசகி:
எல்லாரும் சட்டம், அடி, ஸ்லாட்னு பேசறீங்க. கதைல இருக்கிற பொண்ணுங்களைப் பத்தி ஒருத்தரும் பேசலை. நான் பேசறேன்.

அவள் ஒரு தொடர்கதை, 1974. தலைப்பையே பாருங்க. கவிதா சம்பாதிச்சுப் போடறா, வீடே அவ முதுகுல. விடுதலை கைக்கு எட்டற நேரத்துல மறுபடி அதே வேலை, அதே பஸ். இடைவேளையோட சேர்த்து ரெண்டரை மணி நேரத்துல அவளை வட்டம் சுத்தி ஆரம்பிச்ச இடத்துலயே நிக்க வெச்சுட்டார். அரங்கேற்றம் லலிதாவுக்கு என்ன கதி? சிந்து பைரவியில சிந்து பெத்த குழந்தையைத் தூக்கி பைரவி கையில குடுத்துட்டுப் போயிடறா. சுஹாசினிக்கு தேசிய விருது கிடைச்சுது, சிந்துவுக்கு என்ன கிடைச்சுது?

சின்ன வயசுல இதெல்லாம் பார்த்துட்டு எனக்குக் கோவமா வரும். துணிச்சலான பொண்ணைக் கொண்டு வந்து நிறுத்துவார், தப்பு கேள்வி எல்லாம் கேக்க விடுவார், கைத்தட்டல் வாங்குவார், கடைசி ரீல்ல அவளையே பலி குடுத்துடுவார். புரட்சின்னு பேரு.

டிவில என்ன நடந்துச்சுன்னா அந்தக் கடைசி ரீல் தள்ளிப்போச்சு. அடுத்த வாரமும் அவ வரணுமே! பிரேமியா ரேணுகா ஒவ்வொரு வாரமும் எங்க வீட்டுக்கு வந்தாங்க. கையளவு மனசுல கீதா தன் பிள்ளைங்களை ஒவ்வொருத்தரா வேற வேற வீட்டுக்குக் குடுக்கறாங்க. அதைப் படமா எடுத்திருந்தா ஒரு பாட்டுல முடிச்சிருப்பார். சீரியல்ல ஒவ்வொரு பிள்ளைக்கும் தனி வீடு, தனிக் கதை, தனி அழுகை. எங்க அம்மா புடவைத் தலைப்பை வாயில கவ்விக்கிட்டுப் பார்த்தது இன்னும் கண்ணுல நிக்குது.

பின்னாடி சஹானான்னு சிந்து பைரவிக்குத் தொடர்ச்சியும் எடுத்தார். 85ல மூடின கதவை அவரே திறந்து பார்க்கிறார். இருபது வருஷம் கழிச்சு தன்னோட கிளைமாக்ஸ் மேலயே சந்தேகப்பட்ட வேற டைரக்டர் யாராவது இருக்காங்களா? எனக்கு இது ஒண்ணே போதும், சறுக்கல்ங்கற வார்த்தையை நான் ஏத்துக்க மாட்டேன்.

மாடிப்படி:
டீ ஆறிப்போச்சு. அக்கா, கும்பிடு.

கறார்_கந்தசாமி:
எல்லாரும் கும்பிட்டாச்சா? இப்ப நான் கொஞ்சம் கல்லெறியறேன்.

"கே.பி. டச்" தாங்க முடியலை. யாராவது மனசு உடைஞ்சா பின்னாடி ஒரு பொருள் உடையணும். ரெண்டு பேர் பிரிஞ்சா ரெண்டு தண்டவாளம். பார்க்கிறவனுக்குப் புரியாதோன்னு ஒவ்வொரு உணர்ச்சிக்கும் அடிக்கோடு. அவர்கள் படத்துல கமல் கையில இருக்கிற பொம்மை எனக்கும் பிடிக்கும், இல்லேன்னு சொல்லலை. ஆனா எல்லாப் படத்துலயும் ஒரு பொம்மை வேணுமா? டிவிக்குப் போனதும் இது இன்னும் கூடிச்சு. சமையல் பண்ணிக்கிட்டே பாதிக் கண்ணால பார்க்கிற ஆளுக்கும் விளங்கணுமில்ல.

இன்னொண்ணு. மர்மதேசம் மாதிரி ஒரு சீரியலை எடுத்த மனுஷன் கடைசில மாமியார் மருமக சண்டைக்கு வந்தாரேங்கற ஆத்திரமும் எனக்கு உண்டு.

ஃபிலிம்_டப்பா:
மர்மதேசம் இயக்கினது நாகா. எழுதினது இந்திரா சௌந்தர்ராஜன். தயாரிப்புதான் கே.பி.யோட மின்பிம்பங்கள். ரமணி வெர்சஸ் ரமணியும் நாகாதான்.

கறார்_கந்தசாமி:
சரி, அந்தக் கல்லைத் திருப்பி எடுத்துக்கறேன். மத்த கல்லெல்லாம் அங்கயே கிடக்கட்டும்.

பழைய_பெட்டி:
கந்தசாமி சொன்ன அடிக்கோடு உண்மைதான். ஆனால் எல்லா இடத்திலும் இல்லை. வறுமையின் நிறம் சிவப்பில், சாப்பிட ஒன்றும் இல்லாமல் வெறும் தட்டை வைத்துக்கொண்டு, வந்தவள் காதில் விழ வேண்டுமென்று விருந்து சாப்பிடுவதுபோல் நடிப்பார்களே, அங்கே எந்தச் சின்னமும் இல்லை, எந்தத் தண்டவாளமும் இல்லை. தட்டுச் சத்தம் மட்டும்தான். அதுவும் சத்தத்தால் ஏமாற்றுகிற நாடக வித்தை என்பதைக் கவனியுங்கள். இருமல் தாத்தாவின் தம்பி என்றே சொல்லலாம்.

மர்மதேசம் பேச்சு வந்ததால் ஒன்று. ஒரு இயக்குநரின் வாழ்க்கையை அவர் இயக்கியதை மட்டும் வைத்து அளந்தால் பாலசந்தர் கணக்கு இடிக்கும். 1992இல் ரோஜா கவிதாலயா தயாரிப்பு. அந்தப் படத்தில்தான் ரஹ்மான் வந்தார். 1975இல் அபூர்வ ராகங்களில் கதவைத் தள்ளிக்கொண்டு வந்தவர் யாரென்று சொல்லத் தேவையில்லை. சுரேஷ் கிருஷ்ணா, வசந்த், சரண் எல்லாரும் அவரிடம் உதவியாளர்களாக இருந்தவர்கள். சமுத்திரக்கனி அந்தச் சின்னத்திரைக் காலத்தில் வந்து சேர்ந்தவர். ஏ.ஜி. ஆபீஸில் ஃபைல் பார்த்தவருக்கு ஆள் எடுப்பதும் ஒரு வேலையாகவே இருந்திருக்கிறது.

மாடிப்படி:
ரஜினி மூன்று முடிச்சுல அறிமுகம்னு யாராவது வருவாங்க, இப்பவே சொல்லிடறேன்: இல்ல.

யூனிட்_வேன்:
கந்தசாமி, சமையல்காரம்மா பாயிண்ட்டுக்கு வர்றேன். அது கிண்டல் இல்ல, எங்களுக்கு வேலைல சொல்லிக் குடுத்த பாடமே அது. "திரும்பி நிக்கிறவளுக்குக் கதை கேக்கணும்." அடுப்பு பக்கம் திரும்பி நிக்கிறவ காதுக்கு எழுதணும். அதனாலதான் சீரியல்ல எல்லாரும் பேர் சொல்லிக் கூப்பிட்டுப் பேசறாங்க, உறவைச் சொல்லிச் சொல்லிப் பேசறாங்க. "ஏன் சித்தப்பா, நீங்க எங்கப்பாவுக்குத் தம்பிதானே?" சிரிப்பா இருக்கும். ஆனா எழுதிப் பாருங்க, எவ்வளவு கஷ்டம்னு தெரியும்.

கே.பி.க்கு இது புதுசா கத்துக்க வேண்டிய விஷயமே இல்ல. சபா கடைசி வரிசைல இருக்கிறவனுக்கு முகம் தெரியாது, குரல்தான். அங்கயே முடிச்சுட்டு வந்தவர்.

ஆனா ரீல் கேட்ட கேள்விக்கு நேரா பதில் சொல்லணும்னா, சினிமா அவரை அந்த நேரத்துல விட்டுச்சுங்கறதும் நிஜம். பார்த்தாலே பரவசத்தை நூறாவது படம்னு விளம்பரம் பண்ணி வெளியிட்டாங்க, ஓடலை. பொய்யும் ஓடலை. மரோ சரித்ரா தெலுங்குலயே சென்னை சஃபையர் தியேட்டர்ல ஒன்றரை வருஷத்துக்கு மேல ஓடினதைப் பார்த்த ஆளுக்கு அது வலிச்சிருக்காதா? அந்த நேரத்துல டிவி இல்லேன்னா விருது மேடைல மட்டும்தான் பார்த்திருப்போம். 2010க்கான பால்கே விருது அறிவிச்சப்போ எண்பது வயசு. அதுக்கு அப்புறமும் சும்மா இருக்கலை. 2014 டிசம்பர்ல போற வரைக்கும் நடிப்பு, அது இதுன்னு எதையாவது செஞ்சுக்கிட்டே இருந்தார்.

நடுராத்திரி_ரீல்:
சரி. "முழுங்கிடுச்சு"ங்கறதை வாபஸ் வாங்கறேன். ஆனா முழுசா இல்ல. தண்ணீர் தண்ணீர் எடுத்த கண்ணு 90களுக்கு அப்புறம் வெளியவே வரலைங்கற வருத்தம் எனக்கு அப்படியே இருக்கு. வாசகி அக்கா சொன்ன மாதிரி பொண்ணுங்களுக்கு நேரம் கிடைச்சுது, அந்த வெட்ட வெளி போயிடுச்சு. ரெண்டும் நடந்திருக்கு.

யார்கிட்டயாவது ரயில் சிநேகம் முழுசா இருக்கா? துண்டு துண்டாத்தான் கண்ணுல படுது.

தொடர்கதை_வாசகி:
எங்க மாமா வீட்டு பரண்ல அவர் பதிவு பண்ணி வெச்ச வீடியோ கேசட் சிலது கிடக்கு. பூஞ்சை பிடிச்சிருக்கும். ப்ளேயர் கிடைச்சா ஓட்டிப் பார்த்துட்டு சொல்றேன். நடுநடுவுல செய்தி வாசிப்பும் பதிவாகி இருக்கும், பரவாயில்லையா?

ஃபிலிம்_டப்பா:
பூஞ்சை இருந்தா ப்ளேயர்ல போடாதீங்க! ஹெட்டும் போயிடும், டேப்பும் போயிடும். முதல்ல கேசட்டைத் துடைக்கணும். தனியா எழுதறேன்.

நடுராத்திரி_ரீல்:
செய்தி வாசிப்பும் வேணும், அதையும் வெச்சுக்குங்க.

நேத்து ராத்திரி எதிர்நீச்சலை மறுபடி போட்டேன், பெட்டி ஐயா பேச்சைக் கேட்டு. எங்க பாட்டிக்கு இப்பல்லாம் கண்ணு சரியா தெரியாது, சும்மா பக்கத்துல உட்கார்ந்திருந்தாங்க. மாடியில இருமல் கேட்டதும் நிமிர்ந்து, "இன்னும் இருக்காரா அவரு?"ன்னு கேட்டாங்க.